கோர்ட் கலையும் வரை

என் கணவர் நில அளவை வேலை பார்த்தவர். எல்லோரும் சர்வேயர் என்றுதான் கூப்பிடுவார்கள். பெயரைச் சொல்லி விசாரித்தால் தபால்காரரே ஒரு நிமிடம் யோசிப்பார். அவருடைய அண்ணன் கட்டட மேஸ்திரி. ஒருவர் அளப்பார், மற்றவர் கட்டுவார். சேர்ந்திருந்தால் பெரிய கம்பெனியே நடத்தியிருக்கலாம். அவர்கள் சேர்ந்து நடத்தியது ஒரு வழக்கு.

மாமனார் விட்டுப்போன வீட்டை இரண்டாகத் தடுத்து ஆளுக்கொரு பாதியில் குடியிருந்தோம். வாசல் முற்றம் மட்டும் பொது. என் மூத்தார், அதாவது மேஸ்திரி, அதில் சிமெண்ட் மூட்டை அடுக்க ஒரு கொட்டகை போட நினைத்தார். குழி தோண்டிய அன்றே என் கணவர் டேப்போடு போய் நின்றார். முற்றத்தைப் பிரித்தால் கொட்டகையின் மூலை நம் பங்குக்குள் வரும் என்றார்.

"ஒரு முழம்டா. ஒரு முழத்துல உனக்கு என்ன குறைஞ்சு போச்சு?"

"முழமா இருந்தா என்ன, விரற்கடையா இருந்தா என்ன? கோடு கோடுதான்."

அந்தக் கோடு கோர்ட் வரைக்கும் நீண்டது. வழக்கு முடியும் வரை பொது முற்றத்தில் யாரும் ஒரு செங்கல்கூட வைக்கக் கூடாது என்று என் கணவர் தடை உத்தரவு வாங்கினார். கோர்ட் ஊழியர் வந்து அதை மூத்தார் வீட்டுக் கதவில் ஒட்டிவிட்டுப் போனார். அன்றோடு அண்ணன் தம்பி பேச்சு நின்றது.

நின்றது என்றால், நேர்ப்பேச்சு நின்றது. மற்றபடி எல்லாம் என் வழியாகப் போய் வந்தது. "உன் வீட்டுக்காரன்கிட்ட சொல்லும்மா, குழாய் சொட்டிக்கிட்டே இருக்கு" என்பார் மூத்தார். நான் வாயைத் திறப்பதற்குள் உள்ளேயிருந்து குரல் வரும்: "எனக்கும் காது இருக்குன்னு சொல்லு." மூத்தாரின் மனைவி, என் ஓரகத்தி, குழாயடியில் குடத்தை வைத்துவிட்டுச் சிரிப்பார். "ரெண்டு பேரும் பேசாம இருக்கறதுக்கு நம்ம தொண்டைதான்டி வத்துது."

சில வருடங்கள் இப்படியே போயின. பிறகு என் கணவருக்கு முதுகுத்தண்டில் கட்டி வந்தது. முதலில் ஒரு கால் மரத்தது, பிறகு இரண்டும் போயின. வாரா வாரம் ஆஸ்பத்திரியில் சிகிச்சை. எங்கள் பாதி வீடு வெள்ளத்துக்குப் பயந்து உயரமாகக் கட்டியது, படிகள் செங்குத்து. சக்கர நாற்காலி இறங்காது. தெருவிலிருந்து இரண்டு ஆட்கள் வந்து, ஒருவர் தோளையும் ஒருவர் முழங்காலையும் பிடித்துத் தூக்கிக்கொண்டு போவார்கள். வெயில் மழை பாராமல் நிலமெல்லாம் நடந்து அளந்த மனுஷன். ஒரு தடவை கீழ்ப்படியில் ஒருவருடைய கை வழுக்கி, வேட்டி அவிழ்ந்து, எதிர்வீட்டுப் பெண்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். அன்று திரும்பி வந்ததும் சொன்னார்:

"இனிமே போக மாட்டேன்."

"போகலைன்னா டாக்டர் என்ன சொன்னாருன்னு தெரியும்ல?"

"தெரியும். மேல ஏறும். ஏறட்டும்."

மேலே ஏறுவது என்றால் மூச்சு வரைக்கும் ஏறுவது. அது அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். கெஞ்சிப் பார்த்தேன், அழுதும் பார்த்தேன். அவர் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார். குழாயடியில் ஓரகத்தியிடம் சொன்னேன். அவர் வீட்டுக்குள் போய்ச் சொல்லியிருக்க வேண்டும். மூத்தார் அன்று சாப்பிடாமல் எழுந்துவிட்டாராம்.

அடுத்த வாரம் என் கணவருக்குக் கடும் காய்ச்சல். நினைவு தப்பியிருந்ததால் வேண்டாம் என்று சொல்ல முடியவில்லை. ஆம்புலன்ஸ்காரர்கள் ஸ்ட்ரெச்சரில் வைத்துக் கொண்டுபோனார்கள். சில நாட்கள் ஆஸ்பத்திரியில் இருந்துவிட்டு ஒரு மத்தியானம் திரும்பினோம். முற்றத்தில் ஒரு சாய்தளம் இருந்தது.

எங்கள் வாசலிலிருந்து தெருக்கதவு வரைக்கும் சாவகாசமாக இறங்கி, நடுவில் ஒரு திருப்பம் திரும்பி, இரண்டு பக்கமும் கைப்பிடிக் குழாயோடு. மேலே ஈரச் சாக்குகள் போர்த்தியிருந்தன. சாக்கிலிருந்து தண்ணீர் கசிந்து முற்றமெல்லாம் ஓடியது. மூத்தாரைக் காணோம். அவருடைய பூச்சுக் கரண்டியும் கலவைச் சட்டியும் கழுவிக் கவிழ்த்து வைத்திருந்தன.

"நல்லதாப் போச்சுண்ணே, அடுத்த தடவை தள்ளிக்கிட்டே போயிடலாம்" என்றார் ஆம்புலன்ஸ்காரர்.

"அதைத் தொடாதீங்க. படியிலயே தூக்குங்க" என்றார் என் கணவர்.

அன்று முழுக்க ஜன்னல் வழியாக அதையே பார்த்துக்கொண்டிருந்தார். மறுநாள் என்னைக் கூப்பிட்டு டேப்பையும் சரிவு பார்க்கும் ரசமட்டத்தையும் எடுக்கச் சொன்னார். நான் முற்றத்தில் குனிந்து அவர் சொன்ன இடத்திலெல்லாம் பிடித்து, அளவைக் கத்திச் சொன்னேன். அவர் மனதுக்குள் கணக்குப் போட்டார். மறுபடியும் பிடிக்கச் சொன்னார். மறுபடியும் கணக்கு.

"என்ன ஆச்சு?"

"சரிவு சரியாத்தான் இருக்கு" என்றார், யாரோ செத்த செய்தி கேட்டவர் மாதிரி. பிறகு, "வக்கீலுக்கு ஃபோன் போடு" என்றார்.

"எதுக்கு?"

"ஒரு செங்கல்கூட வைக்கக் கூடாதுன்னு உத்தரவு. எத்தனை செங்கல் வெச்சிருக்கான் பாரு."

"உங்களுக்காகத்தானே கட்டியிருக்காரு? உங்களுக்கு ஈவு இரக்கமே கிடையாதா?"

"எனக்குக் கட்டட்டும், ராஜாவுக்குக் கட்டட்டும். இன்னிக்கு இதை விட்டா நாளைக்குக் கொட்டகை வரும். என்கிட்ட ஒரு வார்த்தை கேட்டானா? கேட்டிருந்தா…"

கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பார் என்று அவர் முடிக்கவில்லை. வழக்குப் போட்டவனுக்கு எதிராளி உபகாரம் செய்தால் அதை எந்தக் கையால் வாங்குவது? அவருக்கு அது விளங்கவில்லை. விளங்காத எதையும் அவர் கோர்ட்டுக்குத்தான் அனுப்புவார்.

எங்கள் வக்கீல் எதைக் கேட்டாலும் "பிரமாதம்" என்பவர். என் கணவருக்குக் கால் போன செய்தியைக் கேட்டும் அப்படியே சொல்லிவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டவர். வந்து சாய்தளத்தைப் படம் எடுத்தார். "உத்தரவு தெரிஞ்சே மீறியிருக்காரு. பிரமாதம். இது சாதாரண மீறல் இல்ல, நீதிமன்ற அவமதிப்பு. மன்னிப்புக் கேட்டு, இடிச்சிடறேன்னு எழுதிக் கொடுத்தா விட்டுடுவாங்க. இல்லேன்னா உள்ள போகவேண்டியதுதான்."

அன்று சாயங்காலம் ஓரகத்தி வந்தார். சண்டைக்கு வருகிறார் என்று நினைத்தேன். என் பக்கத்தில் உட்கார்ந்து முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டார்.

"மன்னிப்புக் கேட்டுட்டு வாங்களேன்னு நானும் சொல்லிட்டேன்டி. 'கேட்டா இடிக்கணுமே, அப்புறம் அவன் எப்படி ஆஸ்பத்திரி போவான்'ங்கறாரு. பையில லுங்கி, துண்டு, பல்பொடி எல்லாம் எடுத்து வெச்சுட்டாரு. ஏதோ கல்யாண வீட்டுக்குக் கிளம்பற மாதிரி."

"அக்கா, நான் என்ன பண்ணட்டும்?"

"நீ என்ன பண்ணுவ? ரெண்டும் ஒரே மண்ணுல சுட்ட செங்கல்."

விசாரணை நாள் வந்தது. நேரில் போயே தீருவேன் என்றார் என் கணவர். வழக்கமாகத் தூக்கும் இருவரில் ஒருவர் வேலைக்குப் போய்விட்டார். இன்னொருவர், "அண்ணன் மேல கேஸ் போடறதுக்கு நான் தூக்க மாட்டேன் சார்" என்று நேராகவே சொல்லிவிட்டார். வாசலில் வண்டி காத்திருந்தது. என் கணவர் கடிகாரத்தைப் பார்த்தார். சாய்தளத்தைப் பார்த்தார்.

"சரி, இறக்கு" என்றார்.

நான் நாற்காலியைத் திருப்பிப் பிடித்து இறக்கினேன். அவர் கண்ணை இறுக மூடிக்கொண்டார். மேல் முனையில் சக்கரம் ஒரு தடவை இடித்தது. அப்புறம் ஒரு சத்தமும் இல்லை. நான் தள்ளவே வேண்டியிருக்கவில்லை, பிடித்துக்கொண்டால் போதும். கீழே வந்ததும் கண்ணைத் திறந்தார். தெருவில் ஒரு நாய் எங்களைப் பார்த்துவிட்டு மறுபடி படுத்துக்கொண்டது. யாரும் தூக்காமல், யார் மூச்சும் முகத்தில் படாமல், அவர் தெருவுக்கு வந்து எவ்வளவு காலம் ஆகியிருந்தது!

கோர்ட் ஹாலில் மின்விசிறிச் சத்தத்துக்கு மேல் பேசினால்தான் கேட்கும். நீதிபதி ஒரு அம்மா. மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு ஆளைப் பார்ப்பார். மூத்தார் வக்கீல் வைக்கவில்லை. வெளுத்த சட்டையில், பையைக் காலடியில் வைத்துக்கொண்டு கூண்டில் நின்றார்.

"தடை உத்தரவு இருந்தது உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியும்மா. என் கதவுலதான் ஒட்டியிருக்கு. தினம் பாக்கறேன்."

"தெரிஞ்சும் கட்டினீங்களா?"

"தெரிஞ்சேதாம்மா கட்டினேன்."

எங்கள் வக்கீல் என் காதில், "பிரமாதம், இனி வேற சாட்சியே வேணாம்" என்றார்.

"மன்னிப்புக் கேட்கறீங்களா?" என்றார் நீதிபதி.

"கேக்கறேம்மா."

"அப்ப இடிச்சிடறேன்னு எழுதிக் கொடுங்க."

"அது முடியாதும்மா."

"மீறினதை அப்படியே வெச்சுக்கிட்டு மன்னிப்பு மட்டும் கேட்டா, அதுக்குப் பேர் மன்னிப்பு இல்ல."

மூத்தார் கொஞ்சம் யோசித்தார். "அப்ப மன்னிப்பு வேணாம்மா. ஜெயிலே குடுங்க. பையெல்லாம் கொண்டாந்துட்டேன்."

ஹால் சிரித்தது. டவாலி போட்ட ஊழியர் அதட்டினார். நீதிபதி சிரிக்கவில்லை.

"ஒரு மனு போட்டிருந்தா, உத்தரவை நானே மாத்திக் கொடுத்திருப்பேனே? ஏன் வரலை?"

"மனு போட்டா வாய்தா குடுப்பாங்கம்மா. என் தம்பிக்கு அவ்வளவு வாய்தா இல்ல."

நீதிபதி கண்ணாடியை இறக்கிப் போட்டுக்கொண்டார்.

"அது சரியா தப்பான்னு நீங்களே முடிவு பண்ண முடியாது, மேஸ்திரி. நல்லதுக்குன்னு நீங்க மீறினீங்க. நாளைக்கு ஒருத்தன் கெட்டதுக்கு மீறுவான். ரெண்டு பேருக்கும் நடுவுல இருக்கறது இந்தக் காகிதம் ஒண்ணுதான்."

எனக்கும் அது நியாயமாகத்தான் பட்டது, இன்றைக்கும் படுகிறது.

பிறகு நீதிபதி எங்கள் பக்கம் திரும்பினார். "சர்வேயர், இன்னிக்கு வீட்டிலிருந்து எப்படி வெளியே வந்தீங்க?"

வக்கீல் எழுந்து, "கனம் நீதிபதி அவர்களே, அது இந்த மனுவுக்கு…" என்றார்.

"நான் அவரைத்தான் கேட்டேன்."

என் கணவர் நாற்காலியின் கைப்பிடியைத் தடவிக்கொண்டிருந்தார். "சரிவு வழியா" என்றார்.

"எந்தச் சரிவு?"

"இவன் கட்டின… இவர் கட்டினதுதான்."

"அதை இடிக்கச் சொல்லித்தான் மனு. இடிக்கச் சொல்லட்டுமா?"

அவர் அண்ணனைப் பார்த்தார். கோடு போட்ட நாளிலிருந்து அன்றுதான் முகத்தைப் பார்த்திருப்பார். மூத்தார் காலடிப் பையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்தச் சமயத்தில் நான் என்னென்ன வேண்டிக்கொண்டேன் என்று எழுத முடியாது. வேண்டாம் என்று அவர் ஒரு வார்த்தை சொன்னால் அவருக்கு ஆஸ்பத்திரி உண்டு, தெரு உண்டு, இன்னும் கொஞ்ச காலமும் உண்டு. ஆனால் வழக்கில் அவர் அதுவரை ஒரு வார்த்தையும் விட்டுக் கொடுத்ததில்லை.

"இடிக்க வேண்டாம்" என்றார். உடனே குரலை உயர்த்தி, "ஆனா அவர் செஞ்சது தப்புதான்" என்றார்.

"அந்தத் தப்பை நான் பார்த்துக்கறேன். நீங்க உட்காருங்க" என்றார் நீதிபதி. அவர் உட்கார்ந்துதான் இருந்தார். சொன்ன பிறகுதான் நீதிபதிக்கு அது உறைத்தது. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

உத்தரவை அங்கேயே சொன்னார். வாதிக்குத் தேவைப்படும் வரை சரிவு இருக்கலாம். தேவை முடிந்தால் எடுத்துவிட வேண்டும். வேறு ஒரு செங்கல்லும் கூடாது. அதற்கு மூத்தார் தலையாட்டினார். மேஸ்திரி செய்தது அவமதிப்பு, குற்றம் நிரூபணமாகிறது. தண்டனை, கோர்ட் கலையும் வரை சிறை.

ஓரகத்தி என் கையைப் பிடித்துக்கொண்டார். "சிறைன்னுட்டாங்களேடி!"

வக்கீல் குனிந்து விளக்கினார். "ஜெயிலுக்குப் போறதில்லம்மா. நீதிபதி இன்னிக்கு வேலை முடிஞ்சு எழுந்திருக்கற வரைக்கும் அந்தப் பின் பெஞ்சுல உட்காரணும். எழுந்து வெளியே போகக் கூடாது. அவ்வளவுதான். பிரமாதமான தண்டனை."

மூத்தார் பையோடு போய்ப் பின் பெஞ்சில் உட்கார்ந்தார். எங்கள் வேலை முடிந்துவிட்டது. வண்டிக்காரர் வாசலில் நின்றார். நான் நாற்காலியைக் கதவுப் பக்கம் திருப்பினேன்.

"அங்கே விடு" என்றார் என் கணவர்.

"எங்கே?"

"அவன் பக்கத்துல."

"எவ்வளவு நேரம் ஆகுமோ தெரியலையே. உங்களுக்கு முதுகு…"

"கேஸ் என்னோடது. முடியற வரைக்கும் இருக்க வேண்டாமா?"

பெஞ்சின் ஓரத்தில் நாற்காலியை நிறுத்தினேன். நானும் ஓரகத்தியும் பின்னால் சுவரோரம் உட்கார்ந்தோம். வழக்குகள் வந்து போயின. வாடகை வீட்டைக் காலி செய்யாதவர், கிணற்றுக்கு மூடி போடாதவர், விவாகரத்து கேட்டுவிட்டு ஒரே குடையில் வந்த ஜோடி. இவர்கள் இருவரும் முன்னால் பார்த்தபடி, பள்ளிக்கூடத்தில் முட்டிபோட வைத்த பையன்கள் மாதிரி இருந்தார்கள். கோர்ட்டில் பேசக் கூடாது. அது இருவருக்கும் சௌகரியமாகத்தான் இருந்தது.

மத்தியான இடைவேளையில் நீதிபதி உள்ளே போனார். ஊழியர் மட்டும் காவலுக்கு நின்றார். ஓரகத்தி டப்பாவைத் திறந்து இருவருக்கும் நடுவில் வைத்தார். யாரும் கை வைக்கவில்லை. அப்போதுதான் என் கணவர், முன்னால் இருந்த காலி நாற்காலியைப் பார்த்தபடியே சொன்னார்:

"மேல் முனையில ஒரு விரல் தூக்கியிருக்கு. சக்கரம் இடிக்குது."

அண்ணனிடம் நேராகப் பேசிய முதல் பேச்சு. நான் ஓரகத்தியைப் பார்த்தேன்.

"தெரியும்" என்றார் மூத்தார். "நீ வந்துடுவியேன்னு அவசரத்துல பூசினேன். நாளைக்குத் தேய்ச்சு விடறேன்."

"உத்தரவு இல்லாம தொடாதே."

"தேய்க்கறதுக்குமாடா உத்தரவு?"

"செங்கல் வைக்கத்தான் தடை. தேய்க்கறது… வக்கீலைக் கேக்கணும்."

"கேளு, கேளு. பிரமாதம்னு சொல்லுவாரு."

என் கணவர் சிரித்துவிட்டார். வயிற்றுத் தசையில் வலு போய்விட்டதால் சிரிப்பு இருமலாக மாறியது. மூத்தார் எழுந்து அவருடைய முதுகைத் தடவினார். ஊழியர், "உட்காருங்க மேஸ்திரி, நீங்க சிறையில இருக்கீங்க" என்றார். உட்கார்ந்தார். கையை மட்டும் முதுகிலிருந்து எடுக்கவில்லை. டப்பா காலியானது.

சாயங்காலம் நீதிபதி எழுந்தார். எல்லோரும் எழுந்தார்கள். மூத்தார் விடுதலையானார். வீட்டு வாசலில் அவர் என்னை விலக்கிவிட்டு நாற்காலியைத் தானே பிடித்து மேலே ஏற்றினார். முனையில் இடித்தபோது இருவரும் ஒரே நேரத்தில் "இதோ" என்றார்கள்.

அதன் பிறகு என் கணவர் ஒரு மழைக்காலத்தையும் ஒரு கோடையையும் பார்த்தார். ஒரு வாரம்கூட ஆஸ்பத்திரி தவறவில்லை. சாயங்காலமானால் தெருமுனை டீக்கடை வரைக்கும் போவார். சாலை போடுகிறவர்களைப் பார்த்துவிட்டு, மட்டம் தப்பு என்று அவர்களிடம் சண்டைக்கு நிற்பார். சில நாட்கள் முற்றத்திலேயே நாற்காலியை நிறுத்திக்கொண்டு அண்ணனோடு கொட்டகையைப் பற்றி வாதாடுவார். வழக்கை வாபஸ் வாங்கவில்லை. மூத்தாரும் வாங்கச் சொல்லவில்லை. வழக்கு இல்லாவிட்டால் எதைப் பேசுவது? எங்கள் தொண்டைகள் மட்டும் ஓய்வெடுத்தன. கடைசியில் அவர் ஒரு காலை வேளையில், முற்றத்து வெயிலில், அண்ணன் செய்தித்தாள் படித்துக் காட்டிக்கொண்டிருக்கும்போது போனார். படித்த பக்கத்தை மூத்தார் கொஞ்ச நேரம் தொடர்ந்து படித்துக்கொண்டே இருந்தார்.

வந்தவர்கள் எல்லோரும் போன பிறகு, ஒரு நாள் முற்றத்தில் சம்மட்டியோடு மூத்தார் நிற்பதைப் பார்த்தேன்.

"என்ன அத்தான்?"

"தேவை முடிஞ்சா எடுத்துடணும்னு உத்தரவும்மா."

"யாரு கேக்கப் போறா? கேஸ் போடணும்னா நான்தான் போடணும். நான் போட மாட்டேன்."

"அதுக்கில்ல. அந்த அம்மாகிட்ட சரின்னு தலையாட்டிட்டு வந்திருக்கேன்." சம்மட்டியைத் தரையில் ஊன்றினாரே தவிர, ஓங்கவில்லை.

"அப்ப மனு போடுவோம்" என்றேன். "அன்னிக்கே அதைத்தானே சொன்னாங்க?"

கணவர் போன பிறகு வழக்கில் வாதி நான். பிரதிவாதியின் ஸ்கூட்டரில் பின்னால் உட்கார்ந்து கோர்ட்டுக்குப் போனேன். அதே நீதிபதிதான். மனுவைப் படித்துவிட்டு, "யாருக்கு இப்போ தேவை?" என்று கேட்டார்.

"என் ஓரகத்திக்கும்மா. அவங்களுக்கு முட்டிவலி. என் வீட்டுப் படி ஏற முடியாது. தினமும் மத்தியானம் என்னைப் பார்க்க அது வழியாத்தான் வர்றாங்க."

"எதிர்த்தரப்புக்கு ஆட்சேபம் உண்டா?"

மூத்தார், "கட்டினவனே நான்தாம்மா" என்றார்.

நீதிபதி எழுதினார். சாய்தளம் இருக்கலாம் என்றார். எழுதி முடித்துவிட்டு நிமிர்ந்தபோது நான் இன்னும் அங்கேயே நின்றுகொண்டிருந்தேன்.

"வேற ஏதாவது சொல்லணுமா?"

கோர்ட்டில் தேவையில்லாமல் பேசக் கூடாது என்று வக்கீல் சொல்லியிருந்தார். இருந்தாலும் சொன்னேன். "அன்னிக்கு இவரை முழு நாளும் அந்தப் பெஞ்சுல உட்கார வெச்சீங்களே, அதுக்கு நன்றிம்மா."

அவருக்கு நினைவு இருந்ததா, தெரியாது. பின் பெஞ்சை ஒரு தடவை பார்த்தார். பிறகு ஊழியரிடம், "அடுத்ததைக் கூப்பிடுங்க" என்றார்.

வெளியே வந்து ஸ்கூட்டரை எடுக்கும்போது மூத்தார் சொன்னார்: "அவங்களுக்கு நன்றி சொல்ற. உள்ள இருந்தது யாரு, நானா அவங்களா?"

"உங்களுக்குச் சொன்னா அடிக்க வருவீங்க."

"ஆமா, வருவேன்" என்றார். "ஏறு."